"சண்டை போட்டீங்களா?" என்று கேட்பவர்களுக்கு

யுத்தத்தில் காட்டிய வீரத்துக்கு நாடு கொடுக்கிற உச்ச விருதான பரம் வீர் சக்ரா இதுவரை 21 பேருக்குக் கொடுத்திருக்கிறார்கள். அந்தப் பட்டியலை வைத்துக்கொண்டு யார் எந்தப் படை என்று பிரித்துப் பார்த்தால் 17 பேர் காலாட்படை. இரண்டு பேர் டாங்கிப்படை, இருவருமே பூனா ஹார்ஸ் ரெஜிமென்ட். ஒருவர் விமானப்படை. மிச்சம் இருப்பது ஒரே ஒருவர், இன்ஜினியர்ஸ், ராமா ரகோபா ராணே. அவ்வளவுதான். பீரங்கிப்படையில் ஒருவர் கூட இல்லை. சிக்னல்ஸ் இல்லை, சப்ளை இல்லை, மெடிக்கல் இல்லை. நான் இருந்த ஈஎம்ஈ-யும், அதாவது ஆயுதமும் வண்டியும் ரிப்பேர் பண்ணுகிற பிரிவும், இல்லை.

விருது கொடுத்தவர்களை நான் குறை சொல்லவில்லை. எதிரியின் பங்கருக்குள் கையெறி குண்டோடு ஏறிப் போகிறவன் காலாட்படைக்காரன்தான், அவனுக்குத்தான் முதல் மரியாதை, அதில் எந்தப் பட்டாளத்துக்காரனுக்கும் இரண்டாவது கருத்து கிடையாது. என் பிரச்சினை ஊரில் இருக்கிறவர்களோடு. எங்கள் வேலூர் மாவட்டத்தில் மிலிட்டரிக்காரர் இல்லாத கிராமத்தைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும், கம்மவான்பேட்டை மாதிரி ஊர்களில் வீட்டுக்கு ஒருவராவது போயிருப்பார்கள். அப்படிப்பட்ட இடத்திலேயே, பென்ஷன் வாங்கிக்கொண்டு வந்தவனிடம் டீக்கடையில் வருகிற கேள்வி, "அண்ணா, பார்டர்ல இருந்தீங்களா? சண்டை போட்டீங்களா?" என்பதுதான். நான் ஆர்மரர் என்று சொன்னால் முகத்தில் ஒரு கேள்விக்குறி. துப்பாக்கி ரிப்பேர் பண்ணுகிறவன் என்று விளக்கினால், "ஓ, அப்ப மெக்கானிக்கா" என்று சொல்லிவிட்டுப் பக்கத்தில் இருக்கிற மெட்ராஸ் ரெஜிமென்ட் ஆளிடம் திரும்பிக்கொள்வார்கள். சப்ளை கோரில் டிரைவராக இருந்த என் சித்தப்பா இந்தக் கேள்விக்குப் பயந்தே "ஜம்முல இருந்தேன்" என்று மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்வார். லடாக் ரோட்டில் வருஷக்கணக்காக ராத்திரியில் லாரி ஓட்டிய மனுஷன் அவர்.

முதலில் பட்டாளம் எப்படிப் பிரிந்திருக்கிறது என்று சொல்லிவிடுகிறேன். சண்டைப் படைகள் என்றால் காலாட்படை, டாங்கிப்படை, வண்டியில் போய் இறங்கிச் சண்டை போடுகிற மெக்கனைஸ்டு இன்ஃபன்ட்ரி. அதற்கு அடுத்து சண்டைக்குக் கை கொடுக்கிற படைகள்: பீரங்கி, இன்ஜினியர்ஸ், சிக்னல்ஸ், வான் பாதுகாப்பு, ராணுவ ஹெலிகாப்டர் பிரிவு, உளவு. மூன்றாவதாக சர்வீசஸ் என்று ஒரு பெரிய கூட்டம். அரிசி பருப்பு டீசல் கொண்டுபோகிற ஏஎஸ்சி, டாக்டர்களும் நர்சிங் அசிஸ்டென்ட்களும் இருக்கிற ஏஎம்சி, தோட்டாவும் உடுப்பும் ஸ்டோர் பண்ணுகிற ஏஓசி, ரிப்பேர் பண்ணுகிற ஈஎம்ஈ, மிலிட்டரி போலீஸ், குதிரை நாய்களைப் பார்த்துக்கொள்கிற கால்நடைப் பிரிவு, தபால் பிரிவு. ஆள் சேர்ப்பு ரேலிக்குப் போகிற பையன் இதையெல்லாம் பார்ப்பதில்லை. அவனுக்குத் தெரிந்தது ஜிடி, அதாவது ஜெனரல் டியூட்டி. அப்புறம் டெக்னிக்கல், கிளார்க், டிரேட்ஸ்மேன். ஜிடி கிடைத்தால் வீட்டில் பெருமையாகச் சொல்வார்கள், டிரேட்ஸ்மேன் என்றால் "மிலிட்டரியில சேர்ந்துட்டான்" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். சமையல், சலவை, முடிவெட்டு, தையல் எல்லாம் அதில்தான் வருகிறது.

அந்தச் சமையல்காரனும் சலவைக்காரனும் ட்ரெய்னிங் சென்டரில் முதல் சில மாதம் என்ன செய்கிறான் என்று யாருக்கும் தெரியாது. எனக்கு ஈஎம்ஈ சென்டர் செகந்திராபாத்தில். காலையில் இருட்டோடு எழுப்பி ஓட விடுவார்கள், அப்புறம் டிரில், அப்புறம் வெப்பன் ட்ரெய்னிங். என் பக்கத்துக் கட்டிலில் இருந்தவன் பிகாரி, டிரேட் சமையல். இந்தப் பக்கம் மதுரைக்காரன், வண்டி மெக்கானிக். மூன்று பேருக்கும் ஒரே உஸ்தாத் (பயிற்சி கொடுக்கிறவர்), ஒரே ரகடா (தண்டனைப் பயிற்சி), ஒரே துப்பாக்கி. முன்னால் கண்ணி வெடி எடுக்கப் போகிறவனா, பின்னால் சப்பாத்தி சுடப் போகிறவனா என்று உஸ்தாத் பார்ப்பதே இல்லை. துப்பாக்கியைக் கழற்றிப் பூட்டத் தெரியணும், கண்ணைக் கட்டிக்கொண்டும் தெரியணும். ராத்திரியில் ஸ்டாப்பேஜ் ஆனால், அதாவது சுடும்போது துப்பாக்கி சிக்கிக்கொண்டால், டார்ச் அடித்துப் பார்க்க முடியாது என்பதால்தான் அந்தக் கண்கட்டு. சினிமாவில் அதை வித்தை மாதிரி காட்டுகிறார்கள். எங்களுக்கு அது பல் தேய்க்கிற மாதிரி தினப்படி வேலை.

சாந்த்மாரி, அதாவது ஃபயரிங் ரேஞ்ச், பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் என் பிழைப்பே அங்கேதான். முதலில் குரூப்பிங் ஃபயர். குறியில் படணும் என்று அப்போது யாரும் கேட்பதில்லை, அடிக்கிற ஐந்து தோட்டாவும் ஒன்றுக்கொன்று பக்கத்தில் விழணும், அவ்வளவுதான். குறியை விட்டு ஒரு சாண் இடப்பக்கம் விழுந்தாலும் பரவாயில்லை, ஐந்தும் ஒரே இடத்தில் விழுந்தால் அவன் கை சரி, துப்பாக்கியின் சைட்டைத்தான் திருத்தணும். சிதறி விழுந்தால் துப்பாக்கியைக் குறை சொல்வதற்கு முன்னால் அவன் மூச்சையும் தோளையும் விரலையும் பார்க்கணும். சைட்டைத் திருத்துவதற்கு ஜீரோயிங் என்று பெயர், அங்கேதான் ஆர்மரர் ஒரு சின்ன டூல் கிட்டோடு ஃபயரிங் பாயின்டுக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பான். ஒருவனுக்கு ஜீரோ பண்ணிய துப்பாக்கி இன்னொருவனுக்கு அப்படியே ஒத்துவராது, கன்னம் வைக்கிற இடம் மாறும், கண்ணின் தூரம் மாறும். அதனால்தான் கோட்டில், அதாவது ஆயுத அறையில், ஒவ்வொருவனுக்கும் அவன் நம்பர் போட்ட துப்பாக்கி என்று இருக்கிறது.

ஃபயர் முடிந்தால் காலி கேஸ்களை எண்ணணும். எத்தனை தோட்டா கொடுத்தார்களோ அத்தனை பித்தளைக் கேஸ் திரும்பி வரணும். ஒன்று குறைந்தாலும் மொத்தக் கம்பெனியும் வரிசை கட்டிப் புல்லை விரலால் கோதிக்கொண்டு தேடும், சாப்பாட்டு நேரம் தாண்டினாலும் தேடும். வெளியாட்கள் கேட்டால் சிரிப்பார்கள். தோட்டாக் கணக்கு தப்பினால் அடுத்து என்ன தப்பும் என்று யோசிக்கிற அமைப்பு அது. இன்றைக்கும் நான் வீட்டில் பெட்ரோல் பில்லை எண்ணி அடுக்கி வைப்பதற்குக் காரணம் அந்தப் புல்வெளிதான் என்று என் மனைவி சொல்வாள்.

நான் சேர்ந்த காலத்தில் எஸ்எல்ஆர் துப்பாக்கி போய் இன்சாஸ் துப்பாக்கி வந்துகொண்டிருந்தது. எஸ்எல்ஆர் 7.62 மில்லிமீட்டர் தோட்டா, கனமானது, தோளில் நல்ல உதை, ஆனால் கேஸ் ரெகுலேட்டரைச் சரியாக வைத்தால் மக்கர் பண்ணாது. இன்சாஸ் 5.56, லேசானது, தோட்டாவும் லேசு, ஒருவன் அதிகம் சுமக்கலாம், மூன்று மூன்றாக அடிக்கிற வசதியும் உண்டு. நம் திருச்சி ஆர்டினன்ஸ் ஃபேக்டரியிலும் செய்தார்கள். கார்கில் குளிரில் அதன் பிளாஸ்டிக் மேகசின் விரிசல் விட்ட கதை பேப்பரிலேயே வந்தது. அந்தக் குறைகளில் பாதியைப் பின்னால் திருத்தினார்கள், பாதியை ஆர்மரர்கள் சமாளித்தோம். அடிக்கிறவனுக்குத் தன் துப்பாக்கி மேல் நம்பிக்கை வரவேண்டும், அதுதான் எங்கள் வேலையில் பெரிய பகுதி. ஃபயரிங் பின் எவ்வளவு வெளியே நீட்டுகிறது என்று கேஜ் வைத்துப் பார்ப்பது, எக்ஸ்ட்ராக்டர் தேய்ந்திருந்தால் மாற்றுவது, இதெல்லாம் யார் கண்ணுக்கும் தெரியாது. ஒரு காலாட்படை பட்டாலியனோடு அட்டாச்மென்டில் இருந்தபோது, ராத்திரி பட்ரோலுக்குக் கிளம்புகிற பையன்கள் என் டென்ட்டுக்கு வந்து, "ஆர்மரர் சாப், ஒரு தடவை பாத்துக் குடுங்க" என்று துப்பாக்கியை நீட்டுவார்கள். ஒன்றும் கோளாறு இருக்காது. நான் பார்த்துக் கொடுத்தேன் என்பதுதான் அவர்களுக்கு வேண்டியது.

பின்னால் இருக்கிற ஆளுக்கு எதற்கு இவ்வளவு துப்பாக்கிப் பயிற்சி என்று கேட்பவர்களுக்கு அமெரிக்காக்காரர்களின் கதை ஒன்று இருக்கிறது. 2003 மார்ச் 23, ஈராக், நசிரியா. 507-வது மெயின்டனன்ஸ் கம்பெனி என்று ஒரு ரிப்பேர் யூனிட், கிட்டத்தட்ட நம்ம ஈஎம்ஈ ஆட்கள் மாதிரி. மெக்கானிக், சமையல்காரர், சப்ளை கிளார்க். பெரிய கான்வாயில் பின்தங்கி, பாதை தவறி, எதிரி ஊருக்குள் நேராக நுழைந்துவிட்டார்கள். 11 பேர் செத்தார்கள், ஜெசிகா லிஞ்ச் என்கிற பெண் ஜவான் உட்பட சிலர் பிடிபட்டார்கள். பின்னால் அமெரிக்க ராணுவமே எழுதிய அறிக்கையில், திருப்பிச் சுடும்போது பல பேர் ஆயுதம் வேலை செய்யவில்லை, பாலைவன மணலில் சரியாகப் பராமரிக்காதது காரணமாக இருக்கலாம் என்று இருக்கிறது. அதைப் படித்தபோது எனக்கு வயிறு பிசைந்தது. ரிப்பேர் கம்பெனிக்காரன் கையிலேயே துப்பாக்கி சிக்கிக்கொண்டது. சண்டை எங்கே நடக்கும் என்று சண்டைக்குத்தான் தெரியும், ஆர்கனைசேஷன் சார்ட்டுக்குத் தெரியாது. அதற்கு அப்புறம்தான் அங்கே லாரி ஓட்டுகிறவர்களுக்கும் ஓடுகிற வண்டியிலிருந்து நிஜத் தோட்டாவில் சுடுகிற பயிற்சியைத் தீவிரமாக்கினார்கள்.

சரி, ராணேக்கு வருகிறேன். 1948 ஏப்ரல், காஷ்மீருக்காகப் பாகிஸ்தானோடு நடந்த முதல் யுத்தம், நௌஷேராவிலிருந்து ராஜௌரிக்குப் போகிற ரோடு. ரோடு பூரா கண்ணி வெடி, வெட்டிப்போட்ட மரம், இடித்த பாலம். டாங்கிகள் முன்னேறணும், முன்னேறவில்லை என்றால் ராஜௌரியில் இருக்கிற ஜனங்கள் கதி அதோகதி. மோர்ட்டர் குண்டில் ஏற்கெனவே காயம் பட்ட செகண்ட் லெப்டினன்ட் ராணே, ஒரு டாங்கிக்கு அடியில் படுத்துக்கொண்டு, டாங்கி நகர நகர அதோடு சேர்ந்து ஊர்ந்து, மேலே டிரைவருக்குக் கயிற்றை இழுத்து இழுத்து சிக்னல் கொடுத்துக்கொண்டு கண்ணி வெடிகளைத் தாண்டி வழி நடத்தினார். பல டன் இரும்பு தலைக்கு மேலே, கண்ணி வெடி மூக்குக்கு முன்னாலே. இதை சப்போர்ட் வேலை என்று எழுதி வைத்திருக்கிற புத்தகத்தை நான் மதிக்கிறேன், ஆனால் டாங்கிக்கு முன்னால் போகிறவனை எந்தக் கணக்கில் பின்னால் இருக்கிறவன் என்று சொல்வது?

அதே வருஷம் நவம்பர் 1, காஷ்மீரிலிருந்து லடாக்குக்குப் போகிற சோஜி லா கணவாய். பதினோராயிரம் அடிக்கு மேலே டாங்கி வரும் என்று எதிரி கனவிலும் நினைக்கவில்லை, தளபதி திம்மையா 7-வது கேவல்ரி என்கிற டாங்கி ரெஜிமென்டின் ஸ்டூவர்ட் டாங்கிகளைக் கொண்டுபோய் நிறுத்தினார், எதிரி ஓடினான். எல்லோரும் சொல்கிற கதை இதுதான். டாங்கி போவதற்கு முன்னால் அங்கே ரோடு கிடையாது. கோவேறு கழுதை போகிற தடம்தான் இருந்தது. பால்தாலிலிருந்து மேலே அதை டாங்கி போகிற அளவுக்கு அகலப்படுத்தியவர்கள் மெட்ராஸ் சாப்பர்ஸ், அதாவது ராணுவ இன்ஜினியர்கள், நம்ம தம்பிகள். (தம்பி என்பது அங்கே செல்லப் பெயரில்லை, மெட்ராஸ் இன்ஜினியர் குரூப் ஆட்களைப் பட்டாளம் பூராவும் கூப்பிடுகிற பெயரே அதுதான்.) எதிரிக்கு சந்தேகம் வராமல் இருக்க டாங்கியின் டரட்டை (பீரங்கி இருக்கிற மேல்பாகத்தை) கழற்றி ஸ்ரீநகர் வரைக்கும் மறைத்துக் கொண்டுவந்தார்கள் என்று படிக்கிறபோது, அந்தக் குளிரில் அதை மறுபடி பூட்டியவன் யார், அவன் விரல் என்ன ஆயிற்று என்றுதான் என் புத்தி போகும். தொழில் கோளாறு.

சாப்பர்களைப் பற்றிப் பேசினால் நிறுத்த முடியாது. முள்வேலியை வெடித்து வழி பண்ணுகிற நீளக் குழாய் வெடி, பெங்களூர் டார்பிடோ, அதை 1912-ல் பெங்களூரில் மெட்ராஸ் சாப்பர்ஸில் இருந்த கேப்டன் மெக்ளின்டாக் உருவாக்கினார். இரண்டாம் உலகப்போரில் நார்மண்டி கடற்கரை வரைக்கும் போனது. காஞ்சிபுரம் பக்கத்துக்காரர் சுபேதார் சுப்பிரமணியம், அவரும் மெட்ராஸ் சாப்பர், 1944 பிப்ரவரி 24 அன்று இத்தாலியில் மின்யானோ பக்கம் கண்ணி வெடி எடுத்துக்கொண்டிருந்தபோது கூட இருந்தவன் காலடியில் ஒன்று கிளம்ப, மற்றவர்கள் பிழைக்கட்டும் என்று அதன் மேல் விழுந்து செத்தார். பிரிட்டிஷ் அரசின் உயர்ந்த வீர விருதுகளில் ஒன்றான ஜார்ஜ் கிராஸ் வாங்கிய முதல் இந்தியர். நம்ம பள்ளிக்கூடப் பாடப்புத்தகத்தில் இவர் பேரை நான் படித்ததாக ஞாபகம் இல்லை.

1971 டிசம்பர், பாகிஸ்தான் யுத்தம், பசந்தர் ஆறு. அருண் கேத்ரபால் என்றால் எல்லோருக்கும் தெரியும், 21 வயசு, டாங்கியை விட்டு இறங்க மாட்டேன் என்று நின்ற பையன். அவர் டாங்கி அந்தப் பக்கம் போவதற்குக் கண்ணி வெடி வயலில் பாதை திறந்துகொண்டிருந்தது 9 இன்ஜினியர் ரெஜிமென்ட், அதுவும் மெட்ராஸ் சாப்பர்ஸ்தான். ஒரு கிலோமீட்டருக்கு மேல் ஆழமான வயல். குண்டு விழுந்துகொண்டிருக்கும்போது தரையில் படுத்து, ஒரு கம்பியைச் சாய்வாகக் குத்திக் குத்தி, தட்டுப்பட்டதை விரலால் மண் விலக்கி எடுத்து, வெள்ளை டேப் கட்டிப் பாதை காட்டணும். அவசரப்பட முடியாது, ஆனால் அங்கே எல்லோருக்கும் அவசரம். வேலை முழுக்க முடிவதற்கு முன்னாலேயே டாங்கிகள் துணிந்து உள்ளே இறங்கின, ஏனென்றால் அக்கரையில் இருந்த காலாட்படையை எதிரி டாங்கி நெருங்கிக்கொண்டிருந்தது. அந்த ரெஜிமென்டின் மேஜர் விஜய் ரத்தன் சௌத்ரி கண்ணி வெடி அகற்றும் வேலையிலேயே உயிரை விட்டார், மகாவீர் சக்ரா கொடுத்தார்கள்.

இனி இதன் மறுபக்கம். பின்னால் இருக்கிறவன் வந்து சேராதபோது முன்னால் இருக்கிறவனுக்கு என்ன ஆகும் என்பதற்கு 1962 சீன யுத்தத்தை விட்டால் வேறு பாடம் வேண்டாம். இன்றைய அருணாச்சலப் பிரதேச எல்லையில் இருக்கிற நம்கா சூ ஆற்றங்கரையில் பிரிகேடியர் தால்வியின் 7-வது பிரிகேட். அந்த உயரத்தில் பருத்தி உடுப்பு, கான்வாஸ் ஷூ, ஆளுக்கு 50 தோட்டா. ரோடு இல்லாததால் எல்லாம் விமானத்திலிருந்து போட்டார்கள், போட்டதில் நிறைய மலைச்சரிவில் உருண்டு போனது. அக்டோபர் 20 காலையில் சீனர்கள் இறங்கியபோது அந்தப் பிரிகேட் சில மணி நேரத்தில் உடைந்தது. அந்த ஜவான்களுக்கு வீரம் குறைவா? நிச்சயமாக இல்லை. அரசியலும் தலைமையும் பண்ணிய கோளாறு தனிக் கதை, ஆனால் ஜவானின் கையில் வந்து முடிந்தது அந்த 50 தோட்டாதான்.

ஒரு மாதம் கழித்து நவம்பர் 18, லடாக்கில் ரெசாங் லா கணவாய். 13 குமாவோன் பட்டாலியனின் சி கம்பெனி, மேஜர் ஷைத்தான் சிங், சுமார் 120 பேர், 100-க்கும் மேல் செத்தார்கள். அந்த இடத்துக்கு நம்ம பீரங்கி உதவவே முடியவில்லை, நடுவில் மலைமுகடு மறைத்தது. பீரங்கி இல்லாத காலாட்படை எப்படிச் சண்டை போடும், எவ்வளவு நேரம் போடும் என்பது அன்றைக்குத் தெரிந்தது. பனி உருகினபின் உடல்களைத் தேடிப் போனவர்கள், மெடிக்கல் கோரைச் சேர்ந்த நர்சிங் அசிஸ்டென்ட் தரம்பால் தஹியாவைக் கையில் சிரிஞ்சும் கட்டுத் துணியுமாகக் கண்டெடுத்தார்கள். வீர் சக்ரா.

37 வருஷம் கழித்து கார்கிலில் பீரங்கிப்படை இரண்டரை லட்சம் குண்டு, ஷெல், ராக்கெட் அடித்தது. டோலோலிங், டைகர் ஹில் எல்லாம் ஏறிப் பிடித்தது காலாட்படை, ஆனால் போஃபர்ஸ் பீரங்கி இல்லாமல் எத்தனை பேர் உச்சி வரைக்கும் உயிரோடு போயிருப்பார்கள் என்று ஏறினவர்களைக் கேளுங்கள், அவர்களே சொல்வார்கள். இன்னொரு விஷயம், பீரங்கி பின்னால் நிற்கும், ஆனால் அதற்குக் கண் முன்னால் போகும். எஃப்ஓஓ என்று ஒரு பீரங்கி அதிகாரி ரேடியோ ஆளோடு காலாட்படை கம்பெனியுடனேயே மலை ஏறுவார், குண்டு எங்கே விழுகிறது, எவ்வளவு தள்ளணும் என்று சொல்லிக்கொண்டே. கம்பெனி கமாண்டர் விழுந்தால் சில நேரம் அந்த எஃப்ஓஓ-தான் கம்பெனியையே நடத்தணும். அவர் சப்போர்ட்டா, சண்டையா?

சியாச்சினை நான் நேரில் பார்த்ததில்லை, அதனால் அதிகம் பேச மாட்டேன். 1984 ஏப்ரல் 13-லிருந்து நாம் அங்கே இருக்கிறோம், துப்பாக்கியால் செத்ததை விட குளிராலும் பனிச்சரிவாலும் செத்தது அதிகம். அங்கே மண்ணெண்ணெய்தான் உயிர். சமைக்க, சூடேற, பனியை உருக்கிக் குடிக்க எல்லாத்துக்கும் அது வேண்டும். உச்சியில் இருக்கிற போஸ்ட்களுக்குச் சீத்தா ஹெலிகாப்டர் ஒரு தடவைக்கு ஒன்றிரண்டு ஜெர்ரிகேன்தான் தூக்கும், காற்று அவ்வளவு மெல்லிசு. 2016 பிப்ரவரி 3 அன்று பனிச்சரிவில் 19 மெட்ராஸ் பட்டாலியனின் போஸ்ட் புதைந்தது நிறையப் பேருக்கு ஞாபகம் இருக்கும், 10 பேர், அதில் நான்கு பேர் தமிழ்நாடு. ஆறு நாள் கழித்து உயிரோடு தோண்டி எடுத்த லான்ஸ் நாயக் ஹனுமந்தப்பாவும் பிழைக்கவில்லை. அந்த 10 பேரில் ஒருவர் நர்சிங் அசிஸ்டென்ட். சண்டைக்காரன், சர்வீஸ்காரன் என்று பனி பிரித்துப் பார்க்கவில்லை.

இப்போது வாலைக் குறைக்கணும், பல்லைக் கூட்டணும், அதாவது சர்வீஸ் ஆட்களைக் குறைத்துச் சண்டை ஆட்களைக் கூட்டணும் என்று ஒரு பேச்சு சில வருஷமாக ஓடுகிறது. அதற்காக அரசு போட்ட ஷெகத்கர் கமிட்டி 2016-ல் அறிக்கை கொடுத்தது, அதன்படி 57,000 பேரை இடம் மாற்றப் போவதாக அடுத்த வருஷம் அறிவித்தார்கள். இதில் நான் முழுசாக எதிர்ப்பு இல்லை. மிலிட்டரி ஃபார்ம், அதாவது ஜவான்களுக்குப் பால் கொடுக்க வெள்ளைக்காரன் 1889-ல் ஆரம்பித்த மாட்டுப் பண்ணை, 2021 மார்ச் 31-ல் மூடினார்கள். சரிதான், இன்றைக்குப் பால் எங்கேயும் கிடைக்கிறது. தபால் பிரிவிலும் ஆள் குறைத்தால் யுத்தம் தோற்காது, எல்லோர் கையிலும் போன் இருக்கிறது. ஆனால் ரிப்பேரையும் மருத்துவத்தையும் அதே கத்தரியால் வெட்டக்கூடாது என்பது என் கருத்து, நான் ஈஎம்ஈக்காரன் என்பதால் சொல்கிறேன் என்று நினைத்தாலும் பரவாயில்லை. வொர்க்‌ஷாப்பை கான்ட்ராக்டருக்குக் கொடுக்கலாம். கான்ட்ராக்டரின் ஆள் டாங்கி பழுதாகி நிற்கிற இடத்துக்கு, ஷெல் விழும்போது, ரெக்கவரி வண்டியை ஓட்டிக்கொண்டு வருவானா? நாலு வருஷ அக்னிவீர் திட்டத்திலும் எனக்கு இதே சந்தேகம்தான். துப்பாக்கி சுட ஒரு பையனை ஆறு மாதத்தில் தயார் பண்ணலாம். டாங்கியின் ஃபயர் கன்ட்ரோல் சிஸ்டத்தைப் புரிந்து ரிப்பேர் பண்ணுகிறவன் கை பழகுவதற்குள் நாலில் மூன்று பேர் வீட்டுக்குக் கிளம்பிவிடுவார்கள்.

பெண்கள் விஷயத்திலும் சண்டை, சப்போர்ட் என்று பிரிக்கிற இந்தக் கோடுதான் குறுக்கே வருகிறது. ராணுவ நர்ஸ்கள் 1888-லிருந்தே இருக்கிறார்கள். 1992-ல் சென்னை பரங்கிமலை ஓடிஏ-வில், அதாவது அதிகாரிகள் பயிற்சி அகாடமியில், பெண் அதிகாரிகளுக்குப் பயிற்சி தொடங்கியது, முதலில் சப்ளை, ஆர்டினன்ஸ், கல்வி, சட்டம் மாதிரி பிரிவுகள்தான். நிரந்தர கமிஷனுக்கு, அதாவது ஓய்வு வயது வரைக்கும் வேலையில் இருப்பதற்கு, சுப்ரீம் கோர்ட் 2020 பிப்ரவரி 17-ல் தீர்ப்பு சொல்ல வேண்டியிருந்தது. 2021-ல் மிலிட்டரி போலீஸில் பெண் ஜவான்களின் முதல் அணி, 2023 ஏப்ரலில் அதே ஓடிஏ-விலிருந்து ஐந்து பெண்கள் பீரங்கிப்படைக்குப் போனார்கள். காலாட்படையும் டாங்கிப்படையும் இன்னும் திறக்கவில்லை. சண்டைக்கு அனுப்பமாட்டோம், ஆனால் சப்போர்ட்டுக்கு அனுப்புவோம் என்று சொல்வதற்கு, சப்போர்ட் என்பது பத்திரமான இடம் என்று நம்பணும். ராணுவத்தில் இருப்பவர்கள் அதை நம்புவதில்லை, வெளியே பேசும்போது மட்டும் அப்படிப் பேசுகிறார்கள். உடல் தகுதித் தேர்வை ஒரே அளவில் வை, தேறினவரை அனுப்பு, நான் பார்த்த வரைக்கும் அதற்கு மேல் இதில் யோசிக்க ஒன்றும் இல்லை. முழு பேக்கோடு அஞ்சு கிலோமீட்டர் ஓட்டத்தில் பின்தங்குகிற ஆண்களை நான் ஏகப்பட்ட பேர் பார்த்திருக்கிறேன்.

இன்றைய நிலவரம் வேறு ஒரு தினுசு. இன்சாஸ் இன்னும் போகவில்லை, அது 5.56. 2019-ல் அமெரிக்காவிலிருந்து 72,400 சிக் 716 துப்பாக்கி வாங்கினார்கள், அது 7.62 நீளத் தோட்டா, பழைய எஸ்எல்ஆர் தோட்டாவின் அளவு. அமேதி பக்கம் கோர்வாவில் ஏகே-203 செய்கிறார்கள், அதுவும் 7.62-தான், ஆனால் குட்டைத் தோட்டா, ஒன்று மற்றதில் போகாது. ஒரே பட்டாளத்தில் மூன்று தோட்டா, மூன்று மேகசின், மூன்று செட் ஸ்பேர், ஆர்மரருக்கு மூன்று செட் கேஜ். டிவியில் புதுத் துப்பாக்கியைக் காட்டும்போது அது எவ்வளவு தூரம் சுடும் என்று மட்டும்தான் சொல்கிறார்கள். மேலே போஸ்ட்டில் இருக்கிறவனுக்கு அவன் துப்பாக்கிக்கு உரிய பெட்டியைப் பிரித்து, கணக்கு எழுதி, லாரியிலோ கழுதையிலோ ஏற்றி அனுப்புகிறவர்களில் ஒருவன் ஸ்டோர் கீப்பர் டெக்னிக்கல் என்கிற டிரேடில் சேர்ந்த பையன். ரேலிக்குத் தயாராகிற தம்பிகள் யாராவது என்னைக் கேட்டால் ஜிடி-யோடு அந்த லிஸ்டையும் பாருங்கள் என்பேன். பிளஸ் டூ மார்க் கேட்பார்கள், டைப்பிங் டெஸ்ட்டும் உண்டு, ஓட்டப் பயிற்சியோடு சேர்த்துச் சாயந்திரம் கொஞ்ச நேரம் கீபோர்டிலும் உட்காருங்கள். ஓட்டத்துக்கு அங்கேயும் தள்ளுபடி கிடையாது.